இதில் எது நிற்கும்?

அன்புள்ள ஐயா,

முட்டம் கடலைப் பற்றி நீங்கள் எழுதிய கட்டுரையைப் படித்தேன். நான் விலங்கியல் முதுகலை இரண்டாம் ஆண்டு படிக்கிறேன். ஆய்வேட்டுக்கு டின்டினிட்டுகளை எடுத்திருக்கிறேன். கடலில் மிதக்கும் ஒற்றைச் செல் உயிர்கள், மணி போன்ற கூட்டுக்குள் இருப்பவை. ஐந்து மாதமாக முட்டத்திலும் மணக்குடிப் பொழியிலும் வலை இழுத்தேன். எங்கள் துறையில் இருப்பது 200 மைக்ரான் வலை. ஒன்றோ இரண்டோதான் கிடைத்தன, சில நாள் அதுவும் இல்லை. நம் கடலில் இவற்றுக்குப் பெரிய இடம் இல்லை போலிருக்கிறது. தலைப்பை மீனுக்கு மாற்றிக்கொள்ளலாமா? வீட்டில் கேட்க ஆள் இல்லை. அப்பா வெறும் மீன்பிடிக்காரர், இதெல்லாம் அவருக்குப் புரியாது. டின்டினிட்டுக்கு நல்ல தமிழ்ப்பெயர் ஒன்றும் சொல்லுங்கள்.

எஸ்.

அன்புள்ள எஸ்.,

பெயரை முதலில் முடித்துவிடுகிறேன். லத்தீனில் மணியைக் குறிக்கும் சொல்லிலிருந்து வந்தது டின்டினிட். நம்மிடம் கிண்கிணி இருக்கிறது, எடுத்துக்கொள். வேறு பெயர் பிடித்திருந்தால் அதுவும் சரி.

போன வாரம் குளச்சல் கடற்கரையில் ஒரு பெரியவரைப் பார்த்தேன். புதிதாக வாங்கிய வலையின் கண்ணுக்குள் விரலை விட்டுப் பார்த்துவிட்டு, கடையில் சொன்ன அளவு இது இல்லை என்று சுருட்டி வைத்தார். அன்றிலிருந்து என் மாமாவின் நினைவாகவே இருந்தேன். அந்த நேரம் பார்த்து உன் கடிதம் வருகிறது. அதில் ‘வெறும் மீன்பிடிக்காரர்’ என்று ஒரு சொல்.

மக்களே, அந்த ‘வெறும்’ எங்கிருந்து வந்தது? ஐந்து மாதம் நீ வலை இழுத்திருக்கிறாய். வலை இழுத்தே வாழும் ஒருவர் உன் வீட்டுத் திண்ணையில் உட்கார்ந்திருக்கிறார். ஒரு நாளாவது அந்த வலையை அவர் கையில் கொடுத்தாயா? கொடுத்திருந்தால் உன் ஐந்து மாதம் மிஞ்சியிருக்கும். எனக்கு இது நிச்சயமாகத் தெரியும். எப்படியென்று சொல்கிறேன்.

1984இல் நானும் உன்னைப் போல விலங்கியல் மாணவன். கல்லூரியில் கொடுத்த மிதவை வலையை எடுத்துக்கொண்டு கடியப்பட்டினத்துக்கு மாமாவிடம் போனேன், வள்ளத்தில் கூட்டிப்போகச் சொல்லி. மாமா வலையை வாங்கினார். துணியை வெயிலுக்கு நேரே தூக்கிப் பிடித்தார், பெருவிரலால் தேய்த்துப் பார்த்தார்.

“லே மக்கா, இதில எது நிக்கும்?”

கண்ணுக்குத் தெரியாத உயிர் என்றேன்.

“தெரியாட்டி இருக்கட்டு. அது எவ்வளவு பெருசுன்னு சொல்லு. பொறவுதான கண்ணு சரியான்னு பாக்க முடியும்?”

என்னிடம் பதில் இல்லை. நான் தேடிப் போனது எத்தனை மைக்ரான், அந்தத் துணியின் கண் எத்தனை மைக்ரான் என்று எனக்கு யாரும் சொல்லித்தரவில்லை, நானும் கேட்டுக்கொள்ளவில்லை. ஆனால் என்ன சொன்னேன் தெரியுமா? “அது ஒங்களுக்குப் புரியாது மாமா.” நீ எழுதிய அதே வார்த்தை. மாமா ஒன்றும் பேசவில்லை. வலையை மடித்து என் மடியில் வைத்தார். என்னைக் கடலுக்குக் கூட்டிப்போனார், பத்திரமாகக் கரையும் சேர்த்தார். அந்த வலையைப் பற்றி அதன்பிறகு அவர் என்னிடம் எதுவுமே கேட்டதில்லை. அவர் கேள்விக்கான பதிலை நான் தெரிந்துகொண்டபோது அவர் இல்லை.

இப்போது கணக்குப் போடு. 200 மைக்ரான் என்றால் ஒரு மில்லிமீட்டரில் ஐந்தில் ஒரு பங்கு. கிண்கிணிகளில் பெரும்பாலானவை 20 முதல் 200 மைக்ரான் நீளம். அதுவும் நீளம்தான், அகலம் இன்னும் குறைவு. சாளை வலையைப் போட்டுவிட்டு நெத்தோலி இல்லாத கடல் என்று சொல்வாயா? அதைத்தான் ஐந்து மாதமாகச் சொல்லியிருக்கிறாய். உன் வலையில் தங்கிய அந்த ஒன்றிரண்டும் மற்றவற்றோடு ஒட்டிக்கொண்டு வந்தவையாக இருக்கும்.

இதில் உன்னை மட்டும் திட்டி என்ன செய்ய? கடலில் மிதந்து திரியும் உயிர்களுக்கு ‘பிளாங்டன்’ என்ற சொல்லை 1887இல் உண்டாக்கிய விக்டர் ஹென்சன், கடலில் என்ன விளைகிறது என்று அளந்து பார்க்கக் கிளம்பிய முதல் ஆட்களில் ஒருவர். அந்தக் காலத்து வலைகளுக்கு மாவு சலிக்கும் பட்டுத்துணிதான். துணியில் நின்றதெல்லாம் கணக்கில் வந்தது, ஒழுகிப்போனது வரவில்லை. ஒழுகிப்போவதைக் காட்டிக்கொடுத்தது ஒரு சின்னக் கடற்பிராணி. அப்பெண்டிகுலேரியன் என்று பெயர். அது தன்னைச் சுற்றிச் சளியால் ஒரு வீடு கட்டி, அதற்குள் ஒரு வடிகட்டியும் வைத்திருக்கும். 20ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில் ஹான்ஸ் லோமன் அந்த வடிகட்டியைப் பிரித்துப் பார்த்தார். பட்டு வலையில் ஒருநாளும் நிற்காத நுண்ணுயிர்கள் அதில் குவிந்து கிடந்தன. மனிதன் பின்னிய வலையைவிட அந்தப் பிராணியின் வலைக்குக் கண் சிறியது. மாமா கேட்ட கேள்வியைத்தான் லோமன் கடலிடம் கேட்டார்.

அப்படியும் வெகுகாலம் பாடப்புத்தகத்தில் கடல் எளிதாகவே இருந்தது. டயாட்டம் என்ற நுண்பாசியை, இறாலுக்கு உறவான கோபிபாடு என்ற பொடிப்பிராணி தின்னும், கோபிபாடை மீன் தின்னும், முடிந்தது. 1974இல் லாரன்ஸ் பாமராய், 1983இல் ஃபாரூக் அஸாமும் கூட்டாளிகளும் எழுதிய கட்டுரைகளுக்குப் பிறகுதான் நுண்ணுயிர்கள் வழியாக உணவு கைமாறும் பாதைக்கு உரிய இடம் கிடைத்தது. கடலில் அன்றாடம் விளையும் தாவர மிதவையில், சராசரியாகப் பாதிக்கு மேல் தின்பது கோபிபாடுகள் இல்லை. அவற்றைவிடச் சிறிய நுண்விலங்கு மிதவைகள். உன் கிண்கிணி அந்தக் கூட்டத்தில் ஒன்று. வாயைச் சுற்றிய மயிரிழைகளை அடித்து நீரைச் சுழற்றி, 2 முதல் 20 மைக்ரான் அளவுள்ள பாசிகளை உள்ளே இழுக்கும். அந்தப் பொடியைப் பல கோபிபாடுகளால் சரியாகப் பிடிக்க முடியாது. அதைக் கிண்கிணி தின்ற பிறகு, கோபிபாடு அந்தக் கிண்கிணியையே பிடித்துக்கொள்ளும். நெத்தோலி இனத்துக் குஞ்சுகளின் குடலிலும் இந்தக் கூடுகளைக் கண்டிருக்கிறார்கள். நீ மாறிப்போக நினைக்கிற மீனும் இதைத் தின்றுதான் வளர்கிறது.

கிண்கிணிக்கும் கண்ணளவு உண்டு என்பதை நினைத்தால் எனக்கு இன்றும் சிலிர்க்கும். கூட்டின் வாய் எவ்வளவு அகலமோ அதைப் பொறுத்துத்தான் இரை. வாய் அகலத்தில் ஏறக்குறைய பாதி வரை உள்ளதை விழுங்கும், கால் பங்கு அளவுள்ளது அதற்கு வாகானது. கூட்டின் வாயை அளந்தால் அது எதைத் தின்கிறது என்று ஓரளவு சொல்லிவிடலாம். வலையைப் பார்த்ததும் இது எந்த மீனுக்கு என்று உன் அப்பா சொல்வாரே, அதேதான். ஒரு செல் இரண்டாகப் பிரியும்போது ஒன்று பழைய கூட்டில் இருந்துகொள்ளும், மற்றது வெளியேறித் தனக்கு ஒரு கூடு கட்டும். டின்டினாப்சிஸ் என்ற பேரினம் நீரில் மிதக்கும் மண்துகளை எடுத்துக் கூட்டின்மேல் ஒட்டிக்கொள்ளும். கரையோரமும் கழிமுகமும் அதற்குப் பிடித்த இடங்கள். பழையாறு வண்டலோடு வந்து சேரும் மணக்குடியில் நீ முதலில் தேட வேண்டியது அதைத்தான்.

இன்னொன்று. மீன்குஞ்சின் வயிற்றில் கிண்கிணி தெரிவதற்குக் காரணம் கூடு செரிக்காமல் கிடப்பது. சிலியேட்டுகள் என்றால் கிண்கிணியைப் போல மயிரிழை உள்ள ஒற்றைச் செல் உயிர்கள். அவற்றில் கூடில்லாதவை கடலில் பெரும்பாலும் இவற்றைவிட அதிகம், ஆனால் குடலில் கரைந்துபோகும், வலையில் பட்டாலே உடையும். ஆகவே கிண்கிணியே எல்லாம் என்றும் எழுதிவிடாதே. எது நின்றது என்பதோடு எது நிற்காமல் போயிருக்கும் என்பதையும் ஒவ்வொரு பக்கத்திலும் எழுது.

சரி, செய்ய வேண்டியது. 20 மைக்ரான் வலை கிடைத்தால் இழு, மெதுவாக, கொஞ்ச நேரம் மட்டும், சீக்கிரம் அடைத்துக்கொள்ளும். கிடைக்காவிட்டால் கவலை வேண்டாம். ஒரு லிட்டர் கடல்நீரை அள்ளி, வெளிர் தேநீர் நிறம் வரும்வரை, உயிர்களைக் கெடாமல் வைக்கும் லூகோல் அயோடின் கரைசலை விடு. உயர்ந்த கண்ணாடிக் குழாயில் ஒரு நாளாவது அசையாமல் வைத்து, அடியில் படிவதை எண்ணு. வெறும் கூட்டையும் உயிர் உள்ள கூட்டையும் தனித்தனியாக எண்ணு. அடிபட்டால் அது கூட்டை விட்டு வெளியேறிவிடும்.

அதற்கு முன்னால் துறை வலையை ஒரு நாள் வீட்டுக்குக் கேட்டு வாங்கிக்கொண்டு போ. அப்பாவிடம் கொடு. நீ தேடுவது எவ்வளவு பெரியது என்பதை முதலில் சொல், ஒரு மில்லிமீட்டரை இருபதாக வகுத்தால் வருகிற அளவு என்று. அப்புறம் வலையைப் பற்றி அவர் என்ன சொல்கிறாரோ கேட்டுக்கொள். முடிந்தால் ஒரு நாள் ஆய்வகத்துக்கும் கூட்டிப் போ. நுண்ணோக்கியில் கிண்கிணி கிடைத்ததும் நீ நகர்ந்துகொள், அவர் பார்க்கட்டும். பார்த்துவிட்டு என்ன சொன்னார் என்று எனக்கு எழுது. தலைப்பு மாற்றுவதைப் பற்றி அதற்கப்புறம் பேசலாம்.