வெட்டுகிறவர் பெயர் எடிட்டர்

கேள்வி: ரூல் ரெய்னே என்ற டச்சு இயக்குநரின் கடற்போர்ப் படம் பார்த்தேன். எடிட்டிங் பிரமாதம்! அவர் தேர்ந்த சரித்திரப் பட இயக்குநர்தானே? (ஒரு வாசகர், மன்னார்குடி)

பதில்: எடிட்டிங் என்று சொல்லிவிட்டீர்களா, இயக்குநர் கொஞ்சம் காத்திருக்கட்டும். நானும் எடிட்டர்தான். சினிமாவில் அவருக்குப் 'படத்தொகுப்பாளர்' என்று பெயர். ஏதோ மல்லிகைப்பூ தொடுக்கிறவர் மாதிரி. நாங்கள் எங்கே தொகுக்கிறோம்? வெட்டுகிறோம் ஐயா! ஒரு கவிஞர் பன்னிரண்டு வருஷமாக என்னோடு பேசுவதில்லை. நான் வெட்டியது ஒரே ஒரு ஆச்சரியக்குறி. அதில்தான் கவிதையே இருந்ததாம். இருந்திருக்கும், மிச்சத்தில் நானும் தேடிப் பார்த்துவிட்டேன்.

சரி, ரெய்னே. 1999இல் 'தி டெலிவரி' படத்துக்காக நெதர்லாந்தின் 'தங்கக் கன்று' விருது வாங்கியவர். அப்புறம் ஹாலிவுட் போய், யாரோ ஆரம்பித்து வைத்ததற்கெல்லாம் அடுத்த பாகம் எடுத்தார்: 'டெத் ரேஸ் 2', 'ஸ்கார்பியன் கிங் 3'. தியேட்டர் பக்கம் வராமல் நேரே டிவிடிக்குப் போகிற ரகம். கேமராவையும் பெரும்பாலும் அவரே பிடிப்பார். சிக்கனமாக எடுத்துப் பழகிய அந்தக் கைதான், 2015இல் டச்சுக் கடற்படைத் தளபதி மிகீல் டி ராய்ட்டரைப் பற்றி நீங்கள் பார்த்த படத்தை எடுத்தது. 2018இல், பழைய காலத்தில் நெதர்லாந்துக் கடலோரத்தை ஆண்ட பிரிசிய அரசன் 'ரெட்பாட்' படமாக வந்தான்.

நீங்கள் பார்த்த படம் ஆங்கிலேயரோடு நடந்த 1653 சண்டையில் ஆரம்பித்து 1676இல் தளபதியின் சாவில் முடிகிறது. இருபத்து மூன்று வருஷம், இரண்டரை மணி நேரம். வெட்டாமல் முடியுமா? ஆனால் எதை வெட்டினார் என்று பாருங்கள். 1664-65இல் இதே தளபதி மேற்கு ஆப்பிரிக்கா போய், அடிமை வியாபாரம் நடந்த கோட்டைகளை ஆங்கிலேயரிடமிருந்து மீட்டார். அதை விட்டுவிட்டு வீரனாக மட்டும் காட்டுவதா என்று நெதர்லாந்திலேயே எதிர்ப்புக் கிளம்பியது. ரூல் என்று பெயர் வைத்துக்கொண்டால் போதுமா, சரித்திரத்துக்கும் ஒரு ரூல் உண்டே.

வெட்டுவதில் டச்சுக்காரர்களை யாரும் மிஞ்ச முடியாது. 1672இல் ஹேக் நகரத்துக் கும்பல், சில நாள் முன்புவரை நாட்டை ஆண்டுகொண்டிருந்த யோகான் டி விட்டையும் அவர் அண்ணனையும் நடுத்தெருவில் கொன்று கூறு போட்டது. யோகானின் நாக்கும் அண்ணனின் விரலும் இன்றைக்கும் அந்த ஊர் அருங்காட்சியகத்தில் இருக்கின்றன. நான் வெட்டியதையெல்லாம் குப்பைக்கூடையில்தான் போடுகிறேன். கவிஞர் விரும்பினால் ஆச்சரியக்குறியை வந்து வாங்கிக்கொள்ளலாம்.

அதே டச்சுக்காரர்கள் 1658இல் நாகப்பட்டினத்தைப் பிடித்தார்கள். உங்கள் ஊருக்குப் பக்கம்தான். அவர்கள் தமிழுக்குக் கொடுத்துவிட்டுப் போன சொற்களில் இரண்டு: துட்டு, கக்கூஸ். இரண்டாவதை வெட்டச் சொல்லி எங்கள் பிழைதிருத்துநர் கெஞ்சுகிறார். முதலாவதை எங்கள் நிர்வாகி போன மாதமே வெட்டிவிட்டார்.