மெஸ்தாயாவின் புழுதி

அன்புள்ள ஆசிரியருக்கு,

ஸ்பெயின் கால்பந்து கோல்கீப்பர் ரிக்கார்டோ சமோரா பற்றிய உங்கள் கட்டுரையை வாசித்தேன். 1936இல் அவர் பிடித்த ஒரே ஒரு பந்துக்கு மூன்று பத்தி. பயிற்சியாளராக அவர் வென்ற இரண்டு லீக் பட்டங்களுக்கு ஒரு வரி. அவை விமானப்படை வாங்கிக்கொடுத்த கோப்பைகள் என்பதால்தான் விட்டுவிட்டீர்களா? என் மகனுக்கு 13 வயது, கோலியாக நிற்கிறான். கோலிக்கு எதிர்காலமில்லை, ஃபார்வர்டாக மாற்றுங்கள் என்கிறார் அவனுடைய கோச். என்ன செய்யலாம்? சமோராவா, சாமித்தியரா, யார் பெரியவர் என்றும் சொல்லுங்கள்.

கே.

அன்புள்ள கே.,

ஒரு வரியில் முடித்தது என் தவறுதான். கட்டுரை வெளியான அன்றிரவே அது உறுத்தியது. உங்கள் கடிதம் வந்தபோது, யாரோ கையும் களவுமாகப் பிடித்துவிட்டதைப் போல இருந்தது.

சமோராவா சாமித்தியரா என்ற கேள்வியை விட்டுவிடுங்கள். ஒருவர் பந்தைத் தடுத்தவர், இன்னொருவர் அடித்தவர். இருவரும் நண்பர்கள். ஸ்பெயின் உள்நாட்டுப் போரின்போது பிரான்சில் நீஸ் அணிக்கு ஒன்றாக ஆடினார்கள். அவர்களுக்கே இல்லாத போட்டி நமக்கெதற்கு?

ஆனால் "விமானப்படை வாங்கிக்கொடுத்த கோப்பை" என்று எழுதினீர்களே, அதை அப்படியே விட முடியாது. எங்கோ வாசித்ததை யோசிக்காமல் எழுதியிருக்கிறீர்கள்.

1936 ஜூன் 21, வலென்சியாவின் மெஸ்தாயா மைதானம், ஸ்பெயின் கோப்பை இறுதி ஆட்டம். பார்சிலோனாவுக்கு எதிராக சமோராவின் மாட்ரிட் அணி (இன்றைய ரியல் மாட்ரிட்) 2-1 என முன்னிலையில் இருக்கிறது. கடைசி நிமிடங்களில் பார்சிலோனாவின் எஸ்கோலா அடிக்கிறார். சமோரா தன் இடப்பக்கம் பாய்கிறார். கோலை மறைக்கும் அளவுக்குப் புழுதி எழுகிறது. அது அடங்கும்போது அவர் கையில் பந்து இருக்கிறது. நாலு வாரத்தில் உள்நாட்டுப் போர். சமோராவை மாட்ரிட் சிறையில் அடைத்தார்கள், கொன்றுவிட்டதாகக்கூடச் செய்தி பரவியது. வெளியே வந்து, ஆர்ஜென்டினத் தூதரகத்தில் ஒளிந்திருந்து, பிரான்ஸ் போய்ச் சேர்ந்தார்.

1939இல் பயிற்சியாளராக அவர் கைக்கு வந்த அணி எது தெரியுமா? போருக்கு முந்தைய கடைசி சீசனில் இரண்டாம் பிரிவுக்கு இறக்கப்பட்டிருந்த, மாட்ரிட்டின் இன்னொரு அணியான அத்லெடிகோ. போரில் ஆட்டக்காரர்களைப் பறிகொடுத்த கிளப். அதன் மெத்ரோபொலித்தானோ மைதானம் சிதைந்து கிடந்தது. அந்த கிளப்பை விமானப்படை அணியோடு இணைத்து அத்லெடிகோ ஆவியாசியோன் ஆக்கினார்கள். ஒவியேதோ அணியின் மைதானம் போரில் அழிந்ததால் முதல் பிரிவில் ஓர் இடம் காலியானது. அதற்காக ஒசாசுனா அணியோடு ஒரு ஆட்டம் ஆடி 3-1 என்று வென்றார்கள். எங்கே வைத்து? அதே மெஸ்தாயாவில்! என் கட்டுரையில் இதை எழுதாமல் விட்டேனே என்றுதான் எனக்கு ஆறவில்லை.

அந்த சீசனிலேயே 22 ஆட்டங்களில் 29 புள்ளி எடுத்து லீக்கை வென்றார்கள். இரண்டாவது வந்த செவியாவுக்கு 28. அடுத்த ஆண்டும் பட்டம் அவர்களுக்கே. விமானப்படையின் தயவு பெரிய பலம்தான், மறுக்கவில்லை. ஆனால் அந்தத் தயவு 1941க்குப் பிறகும் இருந்தது, பட்டம் வரவில்லை. சமோராவும்தானே 1946 வரை இருந்தார் என்பீர்கள். நியாயம். பயிற்சியாளரால் எல்லாம் முடியும் என்று நான் சொல்லவில்லை. ஆனால் அதன்பின் அவர் போனது வீகோ நகரத்து செல்டாவுக்கு. அங்கே விமானப்படை இல்லை. 1947-48இல் அந்த அணி லீக்கில் நான்காவது இடம் பிடித்தது, கோப்பை இறுதிவரை போனது. செவியாவிடம் 4-1 என்று தோற்றார்கள். இருக்கட்டும், இறுதிவரை போனார்களல்லவா?

இவ்வளவு தூரம் நான் மல்லுக்கட்டுவதற்குக் காரணம் உண்டு. நானும் கோலி.

சின்ன வயதில் எனக்கு வீசிங். ஓட முடியாது என்று போஸ்டுக்கு நடுவில் நிறுத்தினார்கள். மைதானத்தில் எங்கும் புல் இருக்கும், கோலி நிற்கும் இடத்தில் மட்டும் இருக்காது. மிதித்து மிதித்து ஒரு குழி விழுந்திருக்கும். மழையில் தண்ணீர் தேங்கும், வெயிலில் மாவு போலப் புழுதி. மெஸ்தாயா புகைப்படத்தைப் பார்க்கும்போதெல்லாம் அந்தப் புழுதி என் தொண்டைக்குள் வந்துவிடும்.

முதல் வருடம் பந்து வரும்வரை சும்மா நிற்பேன், வந்தால் விழுவேன். அப்படி விழும்போது கைதட்டல் கிடைக்கும், எனக்கும் அது பிடித்திருந்தது. ஒருநாள் அண்ணன் கோலுக்குப் பின்னால் வந்து உட்கார்ந்தான். "ஏன்டா வாயை மூடிக்கிட்டு நிக்கிறே? கத்து! லெஃப்ட் பேக் முன்னாடி போயிட்டான், உனக்குத் தெரியுது, அவனுக்கு எப்படித் தெரியும்?" என்றான். அன்றிலிருந்து கத்தினேன். கத்தக் கத்த என்னிடம் வரும் பந்து குறைந்தது, சட்டையில் மண்ணும் குறைந்தது. கைதட்டலும் குறைந்தது, அதைப் பற்றி எனக்குக் கவலை வரவில்லை. ஆனால் ஆட்டத்துக்கு முன்னால் எங்கள் பி.டி. வாத்தியார் தரையில் சாக்பீஸால் கோடு போட்டுத் திட்டம் சொல்லும்போது நான் எட்டிப் பார்த்தால், "உனக்கெதுக்குடா இது, நீ போய் போஸ்ட்ல நில்லு" என்பார். நாற்பது வருடமாகியும் அது ஆறவில்லை.

மற்ற பத்துப் பேரும் பந்தைப் பார்க்கிறார்கள். கோலி ஒருவன்தான் முழு ஆட்டத்தையும் எதிரே வைத்துப் பார்க்கிறான், பத்துப் பேரை நகர்த்துகிறான். இருபது வருடம் அந்த வேலையைச் செய்த சமோரா, பிறகு கோட்டுக்கு வெளியே நின்று அதையே செய்தார். அவருடைய பட்டங்களை அவர் பிடித்த பந்துகளிலிருந்து பிரித்துப் பேசுவது, நானே செய்திருந்தாலும், அறிவீனம். முழங்கையால் பந்தை வெட்டி அனுப்பும் உத்திக்கு அவர் பெயரை வைத்து 'சமோரானா' என்கிறார்கள். ஸ்பெயினில் ஆண்டுதோறும் கோல்கீப்பருக்குத் தரும் விருதும் அவர் பெயரில்தான் இருக்கிறது. பயிற்சியாளர் சமோராவின் பெயரில் எந்த விருதும் எனக்குத் தெரிந்து இல்லை.

உங்கள் மகனைப் பற்றிக் கேட்டிருந்தீர்கள். ஃபார்வர்டாக மாற்றச் சொல்லும் கோச்சிடம் இப்போதைக்கு எதுவும் பேச வேண்டாம். இந்த ஞாயிற்றுக்கிழமை மைதானத்துக்குப் போங்கள். நடுக்கோட்டருகே நிற்காமல், கோலுக்குப் பின்னால் போய் உட்காருங்கள். அவன் எத்தனை தடவை விழுகிறான் என்று எண்ண வேண்டாம். கத்துகிறானா என்று மட்டும் கேட்டு எனக்கு எழுதுங்கள்.

அன்புடன்.