மருந்து டெஸ்டிலிருந்து மாடு விடுவது வரை: விளையாட்டுச் சட்டம் பற்றி வேலூர்க்காரர்கள் கேட்டவை

வேலூர் நீதிமன்றத்தில் வழக்காடுகிறேன். சட்டம் படிக்கப் போவதற்கு முன்பு கொஞ்ச காலம் பளு தூக்கியவன். அதனால் வீரர்களும் பெற்றோரும் சந்தேகம் கேட்பது வழக்கம். கேட்டவர்களின் பெயரை எடுத்துவிட்டு ஊரை மட்டும் வைத்திருக்கிறேன். இங்கே சொல்வதெல்லாம் பொது விளக்கம். உங்கள் வழக்குக்கு, உங்கள் காகிதங்களைப் பார்த்த வக்கீல் சொல்வதுதான் கணக்கு.

சத்துவாச்சாரி, பளுதூக்கும் வீரர்: அண்ணா, மாநிலப் போட்டிக்குத் தயாராகிறேன். ஜிம்மில் ஒரு சீனியர் கொடுத்த பவுடரைக் குடிக்கிறேன். டப்பாவில் ஸ்டீராய்டு என்று எதுவும் போடவில்லை. மாட்டினால் ஜெயிலா? எனக்குத் தெரியாது என்று சொன்னால் விட்டுவிடுவார்களா?

ஜெயில் இல்லை தம்பி. ஊக்கமருந்து எடுத்ததற்காக மட்டும் ஒரு வீரரைச் சிறைக்கு அனுப்ப நம் நாட்டில் சட்டம் கிடையாது. 2022-இல் வந்த தேசிய ஊக்கமருந்துத் தடுப்புச் சட்டம் ஊக்கமருந்துச் சோதனை நடத்தும் தேசிய அமைப்பான நாடாவுக்குச் சட்டப்படியான அதிகாரம் கொடுத்தது. வீரருக்குக் கிடைக்கும் தண்டனை போட்டித் தடையும் பதக்கப் பறிப்பும்தான். ஆனால் இருபது வயதில் நான்கு வருடத் தடை என்றால் என்ன அர்த்தம் என்று உனக்கே தெரியும்.

"தெரியாது" என்று சொல்லித் தப்ப முடியாது. உன் சிறுநீரில் என்ன இருந்தாலும் அதற்கு நீதான் பொறுப்பு என்பதுதான் இந்தச் சட்டத்தின் அடித்தளம். நீ வேண்டுமென்றே எடுத்தாய் என்று அவர்கள் நிரூபிக்க வேண்டியதில்லை. ஸ்டீராய்டு வகை கிடைத்தாலே நான்கு ஆண்டு என்றுதான் கணக்கு ஆரம்பிக்கும். தெரியாமல் உள்ளே போனது, எப்படிப் போனது என்பதை நீ நிரூபித்தால்தான் அது குறையும். பிருத்வி ஷாவை எடுத்துக்கொள். 2019-இல் அவருடைய சிறுநீர் மாதிரியில் டெர்புட்டலின் என்ற தடை செய்யப்பட்ட மருந்து இருந்தது. இருமல் மருந்தில் வந்தது என்ற விளக்கத்தை பி.சி.சி.ஐ. ஏற்றுக்கொண்டது. அப்படியும் எட்டு மாதத் தடை விழுந்தது. இத்தனைக்கும் டெர்புட்டலின் ஸ்டீராய்டு அளவுக்குக் கடுமையாகப் பார்க்கப்படும் பொருளும் இல்லை.

ஆகவே அந்தப் பவுடரை இன்றோடு நிறுத்து. ஆனால் டப்பாவைத் தூக்கி எறியாதே. பேட்ச் எண் தெரிகிற மாதிரி போட்டோ எடு, பில் இருந்தால் பத்திரப்படுத்து, கொடுத்தவரோடு பேசிய வாட்ஸ்அப் உரையாடலை அழிக்காதே. நாளைக்குப் பிரச்சினை வந்தால் உன் பக்கம் பேசுவது அவைதான். டப்பாவில் எஃப்.எஸ்.எஸ்.ஏ.ஐ. முத்திரை இருக்கிறதே என்பார்கள். அது உணவுப் பாதுகாப்புக்கான உரிமம். உள்ளே தடை செய்யப்பட்ட பொருள் இல்லை என்பதற்கு அது உத்தரவாதம் ஆகாது.

இன்னும் இரண்டு விஷயம். மாதிரி எடுக்க வந்தால் பின்வாசல் வழியாக ஓடாதே. காரணமில்லாமல் மறுப்பதே தனிக் குற்றம், அதற்கும் நான்கு ஆண்டுதான். அப்புறம், குற்றச்சாட்டு நோட்டீஸ் வந்தால் நாளை எண்ணத் தொடங்கு. தவறை ஒப்புக்கொள்பவருக்கு நான்கு ஆண்டுத் தடையில் ஓர் ஆண்டு குறையும், ஆனால் 20 நாளுக்குள் ஒப்புக்கொண்டு தண்டனையையும் ஏற்க வேண்டும். பி மாதிரியை, அதாவது மறு சோதனைக்காக எடுத்து வைத்த இரண்டாவது பாட்டிலை, சோதிக்கக் கேட்கவும் கெடு உண்டு. நோட்டீசை வீட்டில் காட்டப் பயந்து பையில் வைத்துக்கொண்டு, கெடு எல்லாம் முடிந்த பிறகு வருகிறவர்கள்தான் அதிகம். அப்போது எந்த வக்கீலாலும் பெரிதாக ஒன்றும் செய்ய முடியாது.

பவுடர் கொடுத்த சீனியர் விஷயம் வேறு. ஸ்டீராய்டை மருத்துவர் சீட்டு இல்லாமல் விற்பது மருந்துச் சட்டப்படியே குற்றம். வீரருக்கு அதைக் கொடுப்பவர் மீது ஊக்கமருந்து விதிகளில் ஆயுள் தடை வரை போகலாம். சதீஷ் சிவலிங்கம் 2014-இலும் 2018-இலும் காமன்வெல்த் தங்கம் தூக்கிய ஊர் இது. இங்கே நல்ல பயிற்சியாளர்களுக்குப் பஞ்சமில்லை. அவர்களிடம் கேட்டுக்கொள்.

பாகாயம், ஓட்டப்பந்தய வீராங்கனையின் அப்பா: மகளுக்கு ஆஸ்துமா. இன்ஹேலர் எடுக்கலாமா சார்?

சால்பியூட்டமால் இன்ஹேலர் என்றால் அளவோடு எடுக்கலாம். 24 மணி நேரத்தில் 1600 மைக்ரோகிராமுக்கு மேல் போகக்கூடாது, எந்த 8 மணி நேரத்திலும் 600-ஐத் தாண்டக்கூடாது. அதே மருந்து மாத்திரையாகவோ சிரப்பாகவோ உள்ளே போனால் தடை. டெர்புட்டலின் எந்த வடிவத்திலும் தடைதான். கடையில் கேட்டவுடன் எடுத்துத் தரும் சில இருமல் டானிக்குகளில் அது இருக்கிறது, லேபிளைப் பாருங்கள். வேறு வழியே இல்லாமல் தடை செய்யப்பட்ட மருந்துதான் வேண்டும் என்றால், டாக்டர் சான்றோடு சிகிச்சைக்கான விலக்கு முன்கூட்டியே வாங்க வேண்டும். தடைப் பட்டியல் ஒவ்வொரு ஜனவரி 1-ஆம் தேதியும் புதுப்பிக்கப்படும், ஆகவே போன வருடம் பார்த்ததை நம்ப வேண்டாம்.

குடியாத்தம், ஒரு அம்மா: பையன் பிறந்தது 2011. பயிற்சியாளர் 2012 என்று புதிய சான்றிதழ் வாங்கித் தருகிறேன் என்கிறார். எல்லாரும் செய்வதுதான் என்கிறார்.

வேண்டாம்மா. எல்லாரும் செய்வதில்லை, செய்கிற சிலரால் ஒழுங்கான பிள்ளைகள் தோற்கிறார்கள். பொய்ச் சான்றிதழ் தயாரிப்பதும், பொய் என்று தெரிந்தே அதைப் பயன்படுத்துவதும் குற்றம். விண்ணப்பத்தில் கையெழுத்து போடப்போவது நீங்கள். மாட்டினால் முதலில் கூப்பிடுவதும் உங்களைத்தான், பயிற்சியாளர் கைகழுவிவிடுவார். வயது மோசடிக்கு எதிராக மத்திய அரசு 2010-இல் கொண்டுவந்த விதியிலேயே முதல் முறைக்கு இரண்டு ஆண்டும் இரண்டாம் முறைக்கு ஆயுளுக்கும் தடை இருந்தது. மணிக்கட்டை எக்ஸ்ரே எடுத்து எலும்பு வளர்ச்சியை வைத்து வயதைக் கணிக்கிறார்கள். அது துல்லியமான கருவி இல்லை என்று வாதாட இடம் உண்டு. ஆனால் உண்மையான சான்றிதழ் கையில் உள்ளவர்தான் அந்த வாதத்தை வைக்க முடியும். பள்ளிச் சான்றிதழ், ஆதார், பிறப்புச் சான்றிதழ் மூன்றிலும் ஒரே தேதி இருக்கிறதா என்று இப்போதே பாருங்கள். எழுத்துப் பிழை இருந்தால் அதை நேர்வழியில் திருத்தலாம்.

அணைக்கட்டு, காளை வளர்ப்பவர்: அண்ணே, எங்க பக்கம் காளை விடும் விழாவுக்கும் ஜல்லிக்கட்டுச் சட்டம்தானா? போன வருஷம் வேறு ஊர் விழாவில் என் காளை, வேடிக்கை பார்த்தவர் ஒருவரை முட்டிவிட்டது. அவர் நஷ்டஈடு கேட்கிறார்.

அதே சட்டம்தான். மதுரைப் பக்கம் திமிலைப் பிடித்து அணைகிறார்கள். நம் வடஆற்காட்டில் காளையை யாரும் பிடிப்பதில்லை, தெருவில் ஓடவிட்டுக் குறிப்பிட்ட தூரத்தை எத்தனை நொடியில் கடந்தது என்று பார்த்துப் பரிசு கொடுக்கிறோம். ஆட்டம் வேறுதான். ஆனால் 2017-இல் தமிழ்நாடு கொண்டுவந்த சட்டத்திருத்தம் ஜல்லிக்கட்டு என்ற சொல்லுக்குள் மஞ்சுவிரட்டு, வடமாடு, எருது விடும் விழா மூன்றையும் சேர்த்தே வரையறுத்தது. உச்ச நீதிமன்றம் 2014-இல் நாகராஜா வழக்கில் ஜல்லிக்கட்டைத் தடை செய்தது. அந்தத் தடைக்குப் பிறகு வந்த இந்தத் திருத்தம் செல்லும் என்று ஐந்து நீதிபதிகள் அமர்வு 2023 மே 18-ஆம் தேதி சொன்னது. அந்தத் தீர்ப்பின் நிழலில்தான் நம் ஊர் விழாவும் நடக்கிறது.

அதன்படி ஜனவரி முதல் மே வரைதான் நடத்தலாம், அரசு அறிவித்த இடத்தில்தான் நடத்தலாம், கலெக்டர் அனுமதி வேண்டும், காளைக்குக் கால்நடை மருத்துவர் பரிசோதனை வேண்டும், தடுப்புக் கட்ட வேண்டும். 2019-இல் மாவட்டம் மூன்றாகப் பிரிந்த பிறகு, ஓரத்துக் கிராமங்கள் எந்தக் கலெக்டரிடம் மனு கொடுப்பது என்று குழம்பியதைப் பார்த்திருக்கிறேன். விழா நடக்கும் இடம் எந்த மாவட்டத்தில் இருக்கிறதோ அங்கேதான். காளையின் ஊர் எது என்பது முக்கியமில்லை.

சரி, உங்கள் விஷயம். முதலில், அந்த விழாவுக்கு அனுமதி இருந்ததா என்று பாருங்கள். அனுமதியோடு, தடுப்போடு நடந்த விழாவில் ஒருவர் தடுப்பைத் தாண்டி ஓடுபாதைக்குள் வந்து முட்டு வாங்கினார் என்றால், ஆபத்து தெரிந்தே வந்தவர் என்று நீங்கள் வாதாடலாம். தடுப்பே இல்லை, அல்லது ஓடி முடித்த காளையைப் பிடிக்க உங்கள் ஆள் யாரும் கடைசியில் நிற்கவில்லை என்றால் அந்த வாதம் நிற்காது. பொறுப்பு அமைப்பாளர் மேலும் உங்கள் மேலும் விழும். விலங்கை அடக்கி வைக்காத அலட்சியத்துக்குப் இந்தியத் தண்டனைச் சட்டத்துக்குப் பதிலாக வந்த பாரதிய நியாய சன்ஹிதாவின் 291-ஆம் பிரிவில் ஆறு மாதம் வரை சிறையோ, 5,000 ரூபாய் வரை அபராதமோ, இரண்டுமோ உண்டு. நஷ்டஈடு அதற்கு வெளியே, சிவில் கோர்ட்டில். காப்பீடு எடுத்திருந்தார்களா என்று அமைப்பாளரிடம் பாலிசி நகலை எழுத்து மூலம் கேளுங்கள். இருந்தால் பாதிப் பிரச்சினை அங்கேயே தீரும். முட்டு வாங்கியவர் ஆஸ்பத்திரியில் இருந்தபோது நீங்கள் போய்ப் பார்த்தீர்களா என்று தெரியவில்லை. போகவில்லை என்றால் இப்போதாவது போங்கள். இந்த மாதிரி வழக்குகளில் பாதி, யாரும் எட்டிப் பார்க்கவில்லையே என்ற கோபத்தில் போடப்படுபவை.

ஆற்காடு, கபடி வீரர்: ரெய்டு போன எதிரணி ஆளை மடக்கியதில் அவருக்குக் கால் முறிந்தது. போலீசில் புகார் கொடுப்பேன் என்கிறார்.

ஆட்ட விதிக்குள் நடந்த மடக்கு என்றால் பயப்பட வேண்டாம். பதினெட்டு வயது தாண்டியவர் சம்மதித்து இறங்கிய விளையாட்டில், கொல்லும் நோக்கமோ கொடுங்காயம் செய்யும் நோக்கமோ இல்லாமல் நடந்த காயம் குற்றமாகாது. அதே சன்ஹிதாவின் 25-ஆம் பிரிவு இதைத்தான் சொல்கிறது. இரண்டு பேர் பொழுதுபோக்காக வாள்வீச்சு ஆடுவதையே அங்கே உதாரணமாகக் காட்டியிருக்கிறார்கள். ஆனால் விசில் ஊதிய பிறகு மிதித்தீர்கள் என்றால் இந்தப் பிரிவு உதவாது. செல்போனில் எடுத்த வீடியோ யாரிடமாவது இருக்கும், முதலில் அதை வாங்குங்கள்.

ராணிப்பேட்டை, கிரிக்கெட் வீரரின் தந்தை: மகனுக்குப் பதினாறு வயது. ஒரு அகாடமி பத்து ஆண்டு ஒப்பந்தம் போட்டது. எதிர்கால வருமானத்தில் பங்கு, வெளியேறினால் அபராதம், வேறு எங்கும் ஆடக்கூடாது. அவனும் நானும் கையெழுத்துப் போட்டுவிட்டோம்.

மகன் போட்ட கையெழுத்து செல்லாது. மைனர் செய்யும் ஒப்பந்தம் தொடக்கத்திலிருந்தே இல்லாத ஒன்று. 1903-இல் மோகரி பீபி வழக்கில் பிரிவி கவுன்சில் சொன்னது இன்றும் சட்டம். நீங்கள் போட்ட கையெழுத்தைத்தான் பிடிப்பார்கள். நீங்கள் காப்பாளராகப் போட்டீர்களா, ஜாமீன்தாரராகப் போட்டீர்களா என்பதைப் பொறுத்து விஷயம் மாறும், நகலைக் கொண்டு வாருங்கள்.

"வேறு எங்கும் ஆடக்கூடாது" என்ற வரிக்குத் தனி மருந்து உண்டு. தொழில் செய்யும் உரிமையைத் தடுக்கும் ஒப்பந்தம் செல்லாது என்கிறது ஒப்பந்தச் சட்டத்தின் 27-ஆம் பிரிவு. ஜாகீர் கானை ஒரு மேலாண்மை நிறுவனம், ஒப்பந்தக் காலம் முடிந்த பிறகும் முதல் வாய்ப்பு எங்களுக்கே தரவேண்டும் என்று பிடித்துவைக்கப் பார்த்தது. 2006-இல் உச்ச நீதிமன்றம் அது செல்லாது என்றது. ஆனால் ஒப்பந்தக் காலத்துக்குள் இருக்கும் தடையை நீதிமன்றங்கள் அவ்வளவு எளிதாக உடைப்பதில்லை. அதனால் மகனுக்குப் பதினெட்டு ஆனதும் அந்த அகாடமிக்காரர் புதுக் காகிதம் நீட்டுவார். அன்றைக்குக் கையெழுத்து போடாமல் இருப்பதுதான் பெரிய விஷயம்.

காட்பாடி, கல்லூரி வீராங்கனை: பயிற்சியாளர் இரவில் தப்பான மெசேஜ் அனுப்புகிறார். மைதானம் வேலை செய்யும் இடம் இல்லையே, புகார் எடுப்பார்களா அக்கா என்று ஒருவரிடம் கேட்டேன், எடுக்க மாட்டார்கள் என்றார்.

அவர் சொன்னது தவறு, அம்மா. பணியிடப் பாலியல் துன்புறுத்தலுக்கு எதிரான 2013 சட்டம், பயிற்சிக்கோ போட்டிக்கோ பயன்படும் ஸ்டேடியம், விளையாட்டு நிறுவனம், போட்டி நடக்கும் இடம் எல்லாவற்றையும் பணியிடம் என்றே எழுதியிருக்கிறது. உங்கள் கல்லூரியிலோ சங்கத்திலோ உள்ள உள்புகார்க் குழுவுக்கு எழுதுங்கள். குழு இல்லையென்றால் மாவட்ட அளவில் உள்ளூர்க் குழு உண்டு. கடைசிச் சம்பவத்திலிருந்து மூன்று மாதம் கெடு, காரணம் சொன்னால் இன்னும் மூன்று மாதம் நீட்டலாம். மெசேஜ்களை அழிக்காமல், தேதி தெரிகிற மாதிரி ஸ்கிரீன்ஷாட் எடுத்து வேறொரு போனிலும் வையுங்கள். போலீசுக்கும் போகலாம், ஒன்று மற்றொன்றைத் தடுக்காது. உங்களோடு பயிற்சி எடுக்கும் பிள்ளைகளில் பதினெட்டு வயதுக்குக் குறைந்த யாருக்கும் இது நடந்தால் அது குழந்தைகள் மீதான பாலியல் குற்றங்களுக்கான போக்சோ சட்டத்தில் வரும். தெரிந்தவர் புகார் செய்தே ஆகவேண்டும். குழந்தைகள் உதவி எண் 1098-க்கு அழைக்கலாம்.

ஆம்பூர்: டென்னிஸ் பால் டோர்னமெண்டில் ஜெயிக்கிற அணி மேல் நண்பர்களுக்குள் பணம் கட்டுவது தப்பா?

தப்பு. செல்போனில் பணம் கட்டி ஆடும் பேன்டஸி அணி விளையாட்டையும் 2025-இல் வந்த மத்தியச் சட்டம் நிறுத்திவிட்டது. பரிசுத்தொகை வைத்துப் போட்டி நடத்துங்கள், அதில் சிக்கல் இல்லை.

திருவலம், தடகள வீரர்: தேர்வுப் போட்டியில் முதலில் வந்தேன். பட்டியலில் என் பெயர் இல்லை. மூன்றாவது வந்தவர் போகிறார். சங்கம் தனியார் அமைப்பு, கோர்ட் கேட்காது என்கிறார்கள்.

கேட்கும். 2005-இல் ஜீ டெலிபிலிம்ஸ் வழக்கில் உச்ச நீதிமன்றம், பி.சி.சி.ஐ. அரசின் அங்கம் இல்லை என்று சொன்னபோதே, பொதுப்பணி செய்யும் அமைப்பை அரசியலமைப்பின் 226-ஆம் பிரிவில் உயர் நீதிமன்றம் கேள்வி கேட்கலாம் என்ற கதவைத் திறந்து வைத்தது. ஆனால் யார் சிறந்த வீரர் என்று நீதிபதி பார்க்க மாட்டார். 2016-இல் சுஷில் குமார், நர்சிங் யாதவோடு ஒரு தேர்வு மல்யுத்தம் வைக்கச் சொல்லி டெல்லி உயர் நீதிமன்றம் போனார். இரண்டு ஒலிம்பிக் பதக்கம் வாங்கியவர், அப்படியும் மனு தள்ளுபடி. சங்கம் தானே வெளியிட்ட தேர்வு விதியை மீறியதா என்பது மட்டும்தான் கேள்வி. முதலில் வருபவர் போவார் என்று சுற்றறிக்கையில் எழுதியிருந்தால் உங்கள் வழக்கு பலமானது. "தேர்வுக் குழுவின் முடிவே இறுதி" என்று மட்டும் இருந்தால் கஷ்டம். 2025 தேசிய விளையாட்டு நிர்வாகச் சட்டம் தேசிய அளவில் தனித் தீர்ப்பாயம் ஒன்றைக் கொண்டுவருகிறது. ஆனால் உங்கள் அவசரத்துக்குச் சென்னை உயர் நீதிமன்றம்தான்.

அணி காட்பாடியில் ரயில் ஏறிவிட்டால் தடையுத்தரவு கேட்டுப் பயனில்லை. சுற்றறிக்கை, முடிவுத் தாள், உங்கள் பதிவு எண், பெயர் விடுபட்ட பட்டியல் நான்கையும் எடுத்துக்கொண்டு நாளைக் காலையே வாருங்கள். சங்கத்துக்குக் காரணம் கேட்டு ஒரு மின்னஞ்சலை இன்று இரவே அனுப்பிவிடுங்கள்.