பூட்டு இருக்கிறது, பிழைதிருத்துபவர் எங்கே?

கேள்வி: நான் எழுதும் மாயாஜால நாவலில் ‘வேந்தர் பதிப்பகம்’ என்று ஓர் அரசு நிறுவனம் வருகிறது. நாட்டின் புனித நூல்கள் அனைத்தையும் இரும்பு அறையில் பூட்டி, ஆயிரம் வீரர்களையும் ஒரு மந்திரக் காப்பையும் போட்டுக் காக்கிறது. 300 ஆண்டுகளாக அறையை யாரும் திறந்ததில்லை. முதல் அத்தியாயம் அனுப்பியுள்ளேன். நம்பும்படி இருக்கிறதா?
– பெயர் வேண்டாம், தஞ்சாவூர்

பதில்: மந்திரக் காப்பை நம்பிவிட்டோம். 300 ஆண்டு திறக்காத அறைக்குள் நூல் நூலாகவே இருக்கிறது என்கிறீர்களே, அதைத்தான் நம்ப முடியவில்லை. தில்லையில் பூட்டிக் கிடந்த அறையை ராஜராஜன் திறக்கவைத்தபோது தேவாரத்தில் பெரும்பகுதியைக் கரையான் தின்றிருந்தது என்ற கதையைத் தஞ்சாவூர்க்காரருக்கு நாங்களா சொல்ல வேண்டும்?

பதிப்பகம் என்று பெயர் வைத்திருக்கிறீர்கள். அங்கே படி எடுப்பவர், ஒப்பிடுபவர், செதுக்குபவர், மை தடவுபவர் என்று ஓர் ஆள்கூட இல்லை. வெறும் காவலர்கள் என்றால் அது கருவூலம்.

அரசே பதிப்பாளராக இருந்து சமய நூலைக் காத்ததற்குக் கொரியாவைப் பாருங்கள். 1011இல் தொடங்கிச் செதுக்கிய பௌத்தத் திருமுறையின் மரப்பலகைகள் 1232இல் மங்கோலியப் படையெடுப்பில் எரிந்தன. தலைநகரையே கங்ஹ்வா தீவுக்கு மாற்றிக்கொண்டு தப்பிய கோரியோ அரசு, போர் நடக்கும்போதே இதற்கென்று ஒரு தனித் துறையை ஏற்படுத்தி, 1236 முதல் 1251 வரை மறுபடி செதுக்கியது. பலகை எரிந்தாலும் அச்சடித்த தாள்கள் ஏற்கெனவே வெளியே போயிருந்தன. உங்கள் நாவலில் இருப்பதோ ஒரே ஒரு படி. அதற்கு எதிரியே வேண்டாம், ஓர் எலி போதும்.

மறுபடி செதுக்கும்போது, சுகி என்ற பிக்குவின் தலைமையில் சீனாவின் சோங் அரசுப் பதிப்பு, கித்தான் மக்களின் அரசுப் பதிப்பு, தங்கள் பழைய பதிப்பு மூன்றையும் வைத்து ஒப்பிட்டார்கள். எங்கே பாடம் வேறுபடுகிறது, எதை எடுத்தோம், ஏன் எடுத்தோம் என்பதை 30 சுருள் கொண்ட தனி நூலாகவே எழுதிவைத்தார் சுகி. உங்கள் கதைக்கு வேண்டிய நாயகன் இவர்தான். உங்கள் அத்தியாயத்தில் வரும் வாள் பிடித்த தளபதி அல்ல.

வேலை நடக்கும் விதத்தையும் கொஞ்சம் காட்டுங்கள். மெல்லிய தாளில் எழுதி, எழுதிய பக்கம் பலகையில் படும்படி ஒட்டி, தெரிவதை அப்படியே இடவலம் மாறிச் செதுக்க வேண்டும். பலகை சுமார் 70 செ.மீ. நீளம், 24 செ.மீ. அகலம், 3 முதல் 4 கிலோ எடை. ஒரு பக்கத்துக்கு 23 வரி, வரிக்கு 14 எழுத்து, இரு பக்கமும் சேர்த்து 644. வழக்கமாகச் சொல்லும் கணக்கில் மொத்தம் 81,258 பலகை. (எல்லாரும் எடுத்துச் சொல்லும் 5,23,30,152 எழுத்து என்ற கணக்கு இந்தப் பெருக்கல்தான், எல்லாப் பலகையும் நிரம்பி வழிவதாக வைத்துக்கொண்டது.) ஓர் எழுத்து தப்பினால் பலகையைத் தூக்கிப் போடுவதில்லை. அந்த எழுத்தை மட்டும் தோண்டி எடுத்துவிட்டு, அதே அளவு மரத்துண்டைச் செருகி, அதில் புதிதாகச் செதுக்குவார்கள். உற்றுப் பார்த்தால் ஒட்டுப்போட்ட இடம் தெரியும். துப்பறியும் கதைக்கே கருவாகும் விஷயம் அது!

அடுத்தது ஈரம். காயாத மரம் முறுக்கிக்கொள்ளும். அதனால் இரு முனையிலும் பலகையைவிடத் தடித்த கட்டைகளை மாட்டி, மூலைகளில் உலோகத் தகடு அடித்தார்கள். அடுக்கும்போது எழுத்தோடு எழுத்து உரசாது, நடுவே காற்றும் போகும். இந்தப் பலகைகள் இப்போது இருக்கும் ஹேயின்சா மடத்துக் கூடங்களில் தெற்குச் சுவரில் கீழ்ச் சன்னல் பெரிது, மேல்சன்னல் சிறிது. வடக்குச் சுவரில் அப்படியே தலைகீழ். நுழையும் காற்று உள்ளே சுற்றிவிட்டுத்தான் வெளியேறும். தரையில் கரி, சுண்ணாம்பு, உப்பு, மணல் சேர்த்து இறுக்கியிருக்கிறார்கள். ஈரம் மிஞ்சினால் உறிஞ்சும், வறண்டால் விடும். 1970களில் நவீன வசதியோடு புதுக் கட்டடம் கட்டி, சோதனைக்குச் சில பலகைகளை அங்கே வைத்தார்கள். பூஞ்சணம் பிடித்தது. பழைய கூடத்துக்கே திருப்பிக் கொண்டுபோய்விட்டார்கள். உங்கள் இரும்பு அறைக்கு ஒரு சன்னலாவது வையுங்கள்.

வில்லன் வேண்டுமா? ஏகபோக உரிமையையே வில்லனாக்குங்கள். 1631இல் பைபிள் அச்சிடும் உரிமை பெற்றிருந்த இங்கிலாந்து மன்னரின் அச்சகத்தார் ராபர்ட் பார்க்கரும் மார்ட்டின் லூக்காஸும் அச்சிட்ட பைபிளில் ஏழாம் கட்டளையில் எதிர்மறைச் சொல் விடுபட்டு, ‘விபசாரம் செய்வாயாக’ என்று வந்துவிட்டது. 300 பவுண்டு அபராதம் விதித்தார்கள். தனியார் கடை அச்சிட்டிருந்தால் பிழை என்று தள்ளியிருப்பார்கள். அரச முத்திரையோடு வந்தால் அது ஆணை! அந்தப் பைபிள் ‘ஜேம்ஸ் மன்னர் மொழிபெயர்ப்பு’ எனப்படும் ஆங்கில மொழிபெயர்ப்பு; பிரிட்டனில் அதை அச்சிட இன்றும் அரச உரிமம் வேண்டும் என்பது கூடுதல் செய்தி.

கடைசியாக ஒன்று. நீங்கள் அனுப்பிய அத்தியாயத்தில் அந்தப் புனித மந்திரத்தின் இரண்டாம் அடி 4ஆம் பக்கத்தில் ஒரு மாதிரி இருக்கிறது, 11ஆம் பக்கத்தில் வேறு மாதிரி. வேந்தர் பதிப்பகம் எதை அச்சிடும்?