தத்தெடுத்த நாய்க்கு எதிர்பாராத மருத்துவச் செலவு

கேள்வி: சென்ற மாதம் ஒரு விலங்குகள் காப்பகத்திலிருந்து இரண்டு வயது நாட்டு நாயைத் தத்தெடுத்தோம். தடுப்பூசி போட்டாயிற்று, நன்றாக இருக்கிறது என்று சொல்லி, பணம் வாங்காமல் கொடுத்தார்கள். மூன்றாம் வாரத்தில் காய்ச்சல் கண்டு, சோற்றைத் தொடாமல் படுத்துவிட்டது. மூக்கிலிருந்து ரத்தம் கசிந்தது. உண்ணிக் காய்ச்சல் என்றார் மருத்துவர். பரிசோதனை, குளுக்கோஸ், ஊசி என்று இதுவரை ரூ.14,000 ஆகிவிட்டது. காப்பகத்தினர் நோயை மறைத்துவிட்டார்களா? நாயைத் திருப்பி ஒப்படைத்துவிடலாம் என்கிறார் என் கணவர்.
- வாசகி, காட்பாடி

பதில்: அன்புச் சகோதரி, மறைத்தார்கள் என்று சொல்லிவிட முடியாது. உண்ணி கடிக்கும்போது ரத்தத்தில் புகும் எர்லிக்கியா என்ற கிருமி, ஒன்று முதல் மூன்று வாரங்களில் காய்ச்சலாக வெளிப்படுவதும் உண்டு. வெளியே எதுவும் தெரியாமல் மாதக்கணக்கில், சில நாய்களில் ஆண்டுக்கணக்கில், உடலுக்குள் தங்கிவிடுவதும் உண்டு. ரேபிஸ், பார்வோ போன்றவற்றுக்குத் தடுப்பூசி இருப்பதுபோல் இதற்கு இல்லை. எனினும், ரத்தத்தை ஒருமுறை பரிசோதித்துவிடுங்கள் என்று காப்பகத்தினர் சொல்லி அனுப்பியிருக்க வேண்டும் என்றே நான் கருதுகிறேன்.

இப்போது செலவுக்குப் பயந்து மருந்தைப் பாதியில் நிறுத்திவிடாதீர்கள் என்பதே என் முதல் வேண்டுகோள். இந்தக் கிருமியைக் கொல்லும் டாக்ஸிசைக்ளின் மாத்திரையைத் தொடங்கிய ஓரிரு நாளிலேயே நாய் எழுந்து வாலாட்டத் தொடங்கிவிடும். ஆனால் வழக்கமாக 28 நாட்கள் கொடுத்தாக வேண்டும். இது மனிதர்களுக்கும் கொடுக்கப்படும் மருந்துதான் என்பதால், பொதுப்பெயரில் எழுதித் தரும்படி மருத்துவரிடம் கேட்டால் மக்கள் மருந்தகத்தில் குறைந்த விலையில் வாங்கலாம். சோற்றுடன் சேர்த்துக் கொடுங்கள். வெறும் வயிற்றில் கொடுத்தால் வாந்தி எடுக்கக்கூடும். காய்ச்சலுக்கென்று வீட்டிலுள்ள பாராசிட்டமாலையோ வலி மாத்திரையையோ நீங்களாகக் கொடுக்கவே கூடாது.

கிருமியை எதிர்க்க உடல் உண்டாக்கும் நோய் எதிர்ப்பொருளைக் காட்டும் கிட் பரிசோதனையை உடனே மறுபடி செய்வதால் பயனில்லை, ஏனெனில் குணமான பிறகும் அது பல மாதங்களுக்கு நோய் இருப்பதாகவே காட்டக்கூடும். ரத்தம் உறைய உதவும் தட்டணுக்களின் எண்ணிக்கை ஏறுகிறதா என்று பார்ப்பதே முக்கியம். அன்றாடம் உதட்டைத் தூக்கி ஈறுகளையும், புரட்டி அடிவயிற்றையும் பாருங்கள். ஊசி முனையளவு சிவப்புப் புள்ளிகள் புதிதாகத் தெரிந்தால் அன்றே மருத்துவரிடம் காட்டுங்கள். வேலூரில் அரசு கால்நடை மருத்துவமனை இருக்கிறது. தொடர் சிகிச்சைக்கு அங்கே செல்வது உங்கள் சுமையைப் பெரிதும் குறைக்கும். நிலைமை சிக்கலானால் சென்னை வேப்பேரி கால்நடை மருத்துவக் கல்லூரியின் மருத்துவமனைக்கு எழுதித் தரக் கேளுங்கள்.

பலர் கவனிக்கத் தவறுவது வீட்டைத்தான். ரத்தம் குடித்துப் பருத்த பெண் உண்ணி நாயிடமிருந்து உதிர்ந்து, சுவர் விரிசலிலும் கதவு நிலையின் இடுக்கிலும் ஆயிரக்கணக்கில் முட்டையிடும். வேலூர் வெயிலில் அவை விரைவாகப் பொரிந்து மீண்டும் நாயின் மேல் ஏறும். நாயின் காது மடலையும் கால்விரல் இடுக்குகளையும் நாள்தோறும் பார்த்து, மருத்துவர் சொல்லும் உண்ணி மருந்தை மாதந்தோறும் தவறாமல் கொடுத்து, விரிசல்களைச் சிமென்ட் பூசி அடைத்துவிட்டால், இதே நோய்க்கு இரண்டாம் முறை செலவழிக்க நேராது.

மருந்து முடியும்வரை திருப்பி ஒப்படைக்கும் பேச்சே வேண்டாம் என்று உங்கள் கணவரிடம் சொல்லுங்கள். இடம் மாறினால் மாத்திரை வேளை தவறும், மீண்டும் உண்ணி ஏறும். செலவில் ஒரு பகுதியை ஏற்க முடியுமா என்று காப்பகத்தினரைக் கேட்பதில் தவறில்லை. அப்போது சிகிச்சைச் சீட்டின் நகலையும் கொடுங்கள். அங்குள்ள மற்ற நாய்களைப் பரிசோதிக்க அது அவர்களுக்கு உதவும்.