ஜயன்ட்ஸ் ஆட்டத்தை எங்கே பார்ப்பது, எங்கே கேட்பது?

தம்பி, கலிபோர்னியாவில் ஃப்ரீமான்ட்டுக்கு வந்து ஐந்து மாதம் ஆகிறது, அப்பா கோவில்பட்டியிலிருந்து விசிட்டர் விசாவில் வந்து பகல் முழுக்க வீட்டில் தனியாக இருக்கிறார் என்று எழுதியிருந்தீர்கள். பக்கத்து வீட்டுக்காரர் வேலி ஓரமாக நின்று சான் பிரான்சிஸ்கோவின் பேஸ்பால் அணியான ஜயன்ட்ஸின் ஆட்டத்தைப் பற்றிச் சொல்லச் சொல்ல, அப்பாவுக்கும் பேஸ்பால் மேல் ஆசை வந்துவிட்டதாம். "எந்தச் சேனல் அக்கா, ரேடியோவில் வருமா, எம்.எல்.பி. டிவிக்குப் பணம் கட்டினால் எல்லாம் வந்துவிடுமா?" என்பது உங்கள் கேள்வி.

கடைசிக் கேள்விக்கு முதலில் பதில். வராது. அவசரப்பட்டுக் கட்டிவிடாதீர்கள்.

எம்.எல்.பி. டிவி என்பது மேஜர் லீக் பேஸ்பாலின் இணைய நேரலைச் சந்தா. பெயரைப் பார்த்தால் முப்பது அணிகளின் ஆட்டமும் வரும் போலத்தான் இருக்கும். வரும்தான், உங்கள் ஊர் அணியைத் தவிர. நாடு முழுவதற்குமான அந்தச் சந்தா, வெளியூர் அணியின் ரசிகர்களுக்காக ஏற்பட்டது. நீங்கள் எந்த இடத்திலிருந்து பார்க்கிறீர்கள் என்று கண்டுபிடித்து, அந்தப் பகுதி எந்த அணியின் எல்லைக்குள் வருகிறதோ அந்த அணியின் நேரலையை மறைத்துவிடுவார்கள். பிளாக்அவுட் என்பது இதுதான். ஆட்டம் முடிந்து தொண்ணூறு நிமிடம் கழித்துத்தான் அந்த ஒளிப்பதிவு திறக்கும். கோயிலுக்குப் பக்கத்து வீட்டுக்காரனுக்கு மட்டும் நடை சாத்திய பிறகு தரிசனம்!

இதற்குக் காரணம் பணம். பல அணிகள் தங்கள் ஆட்டங்களை ஒரு வட்டாரச் சேனலுக்கு விற்றிருக்கின்றன. அந்தச் சேனல், தான் இடம்பெற்ற கேபிள் திட்டம் வைத்திருக்கும் ஒவ்வொரு வீட்டிலிருந்தும் மாதாமாதம் ஒரு தொகை வாங்கிக்கொள்கிறது. ஆட்டத்தைப் பார்க்கிறவர் வீடானாலும் சரி, அந்தப் பக்கமே போகாதவர் வீடானாலும் சரி. அதே ஆட்டம் வேறு வழியில் மலிவாகக் கிடைத்தால் யார் கேபிள் வைத்துக்கொள்வார்கள்? அதற்குத்தான் இந்த வேலி. நமக்கு இரட்டை வேலி வேறு. ஓக்லந்தில் இருந்த ஏ'ஸ் அணி 2024 செப்டம்பர் 26 அன்று அங்கே கடைசி ஆட்டத்தை ஆடிவிட்டு சாக்ரமென்டோ பக்கம் போய்விட்டது. ஆனாலும் நம் சான் பிரான்சிஸ்கோ வளைகுடாப் பகுதி அவர்கள் எல்லைக்குள்தான். நாமாவது பரவாயில்லை. அயோவா மாநிலத்தில் ஒரு அணிகூடக் கிடையாது. ஆனால் சுற்றியிருக்கும் ஆறு அணிகள் அந்த மாநிலத்தைத் தங்கள் எல்லை என்று பல வருடங்களாக உரிமை கொண்டாடின. என் தோழி டெ மொயினில் இருந்தபோது, பக்கத்து மைதானத்துக்கே மூன்று மணி நேரம் கார் ஓட்ட வேண்டும், டிவியிலும் மறைப்பு என்று புலம்புவாள்.

அப்பாவுக்கு யாங்கீஸ், டாட்ஜர்ஸ் என்று ஏதோ ஒரு அணி போதும் என்றால் அந்தச் சந்தா நல்ல சந்தாதான். அவர்கள் ஜயன்ட்ஸுடனோ ஏ'ஸுடனோ ஆடும் நாட்களில் மறைந்துவிடும். ஆனால் பக்கத்து வீட்டுக்காரரோடு பேசத்தானே இத்தனையும். அப்படியென்றால் ஜயன்ட்ஸ்தான் வேண்டும்.

சரி, டிவி. ஜயன்ட்ஸ் ஆட்டங்களில் பெரும்பாலானவை என்.பி.சி. ஸ்போர்ட்ஸ் பே ஏரியா என்ற சேனலில் வருகின்றன. இந்த முழுப்பெயரையும் அப்படியே நினைவில் வைத்துக்கொள்ளுங்கள். நான் வந்த புதிதில் ஒரு கேபிள் நிறுவனத்துக்கு போன் போட்டு "ஸ்போர்ட்ஸ் வருமா?" என்று கேட்டேன். "ஓ, வருமே" என்றார் அந்தப் பக்கம் பேசியவர். ஆள் வந்து பெட்டியை மாட்டிவிட்டுப் போனார். மீன் பிடிக்கும் சேனல் வந்தது, கோல்ஃப் வந்தது, ஜயன்ட்ஸ் வரவில்லை. மேல் திட்டத்துக்கு மாறச் சொன்னார்கள். இரண்டு வருட ஒப்பந்தத்தில் நானும் கையெழுத்துப் போட்டிருந்தேன். ஆகவே கேபிளோ இணைய டிவியோ, "என் ஜிப் கோடுக்கு இந்தத் திட்டத்தில் என்.பி.சி. ஸ்போர்ட்ஸ் பே ஏரியா உண்டா?" என்று கேட்டு, பதிலை சாட்டிலோ மின்னஞ்சலிலோ எழுத்தில் வாங்கிக்கொள்ளுங்கள்.

கேபிளே வேண்டாம் என்றாலும் வழி இருக்கிறது. 2025 பருவத்திலிருந்து அந்தச் சேனலை என்.பி.சி.யின் பீகாக் என்ற இணையச் செயலியில், பீகாக் சந்தாவுக்கு மேல் தனிக் கட்டணம் கட்டி வாங்க முடிந்தது. நான் அதற்குத்தான் மாறினேன். இந்த ஏற்பாடுகள் வருடா வருடம் மாறும் என்பதால், வாங்குவதற்கு முன் இந்தப் பருவத்தின் விலையை ஒரு முறை பார்த்துவிடுங்கள். எதை வாங்கினாலும் மாதக் கணக்கில் வாங்குங்கள். மார்ச் கடைசியில் தொடங்கி செப்டம்பர் கடைசியோடு லீக் ஆட்டங்கள் முடிந்துவிடும். அக்டோபரில் ஜயன்ட்ஸ் ஆடுவார்களா என்பது அவரவர் நம்பிக்கை.

சில ஆட்டங்கள் என்.பி.சி.யின் 11-ஆம் சேனலில் இலவசமாகவே வரும். அதற்கு ஆன்டெனா வேண்டும். நம் ஆட்கள் ஏமாறுவது இங்கேதான். கண்ணாடியில் ஒட்டும் தட்டையான ஆன்டெனாவை வாங்கி மாட்டினால் 2 வரும், 5 வரும், 11 கட்டம் கட்டமாக உடையும். 11 வருவது வி.ஹெச்.எஃப். அலைவரிசையில். அதற்குப் பழைய காலத்து முயல்காது போல நீளக் கம்பி உள்ள ஆன்டெனாதான் சரி. ஒளிபரப்புக் கோபுரம் சான் புரூனோ மலையில் இருக்கிறது. ஃப்ரீமான்ட்டிலிருந்து வளைகுடாவைத் தாண்டி வடமேற்கே. அந்தப் பக்கத்து ஜன்னலில் வையுங்கள். ஃபாக்ஸின் 2-ஆம் சேனலையும் இதே ஆன்டெனா பிடிக்கும். சில சனிக்கிழமை ஆட்டங்களும் உலகத் தொடரும் அதில்தான்.

இவ்வளவு செய்தும் சில நாள் திரையில் ஜயன்ட்ஸ் இருக்க மாட்டார்கள். வெள்ளிக்கிழமை ஆட்டம் சில சமயம் ஆப்பிள் டிவிக்குப் போய்விடும், வேறு சில ஆட்டங்களை வேறு யாராவது தேசிய அளவில் வாங்கியிருப்பார்கள். அன்றைக்கு ரிமோட்டை வைத்துக்கொண்டு அல்லாடாமல், அணியின் அட்டவணைப் பக்கத்தில் அந்தத் தேதிக்கு நேரே எந்தச் சேனல் என்று பாருங்கள், போட்டிருப்பார்கள்.

ஆனால் தம்பி, உங்கள் அப்பாவுக்கு நான் சொல்ல நினைத்தது இதெல்லாம் இல்லை. ரேடியோ.

சேப்பாக்கத்தில் டெஸ்ட் நடக்கும்போது அப்துல் ஜப்பாரின் தமிழ் வர்ணனையைக் காதோடு ரேடியோவை ஒட்டிவைத்துக் கேட்டவர் அப்பா என்று எழுதியிருக்கிறீர்களே. அப்படிப்பட்டவருக்கு இந்த ஊரில் இதைவிட நல்ல துணை கிடைக்காது. கே.என்.பி.ஆர். நிலையம், ஏ.எம்.மில் 680, எஃப்.எம்.மில் 104.5. ஒரு பருவத்தின் 162 லீக் ஆட்டங்களையும் ரேடியோவில் பின்தொடரலாம். டிவி உரிமை அன்றைக்கு ஆப்பிளிடம் இருந்தாலும் ஃபாக்ஸிடம் இருந்தாலும் ஜயன்ட்ஸின் ரேடியோ குரல் நிற்காது. காசும் கிடையாது.

ஜான் மில்லர் 1997 முதல் ஜயன்ட்ஸுக்கு வர்ணனை செய்கிறார். பந்து மைதானத்து வேலியைத் தாண்டி ஹோம் ரன் ஆனால் ஸ்பானிஷில் "அதியோஸ், பெலோத்தா!" என்பார். போய் வா, பந்தே என்று அர்த்தம். இன்னொருவர் டுவேன் குய்ப்பர், டிவியிலும் வருவார். ஹோம் ரன் அடித்தால் "அவுட்டா ஹியர்!" என்று அவர் கத்துவதை ஊரே நடித்துக் காட்டும். அவர் ஆட்டக்காரராக இருந்தபோது மூவாயிரத்துச் சொச்சம் தடவை மட்டை பிடித்து, 1977-இல் அடித்த ஒன்றுதான் வாழ்நாளில் அவர் அடித்த ஒரே ஹோம் ரன். இதை அப்பாவிடம் சொல்லுங்கள், வேலி ஓரம் எடுத்துவிட உதவும்.

ஊரிலிருந்து கொண்டுவந்த ரேடியோ இருந்தால் ஒரு சின்னச் சிக்கல் உண்டு. நம் நாட்டில் மீடியம் வேவ் (இங்கே ஏ.எம். என்பார்கள்) நிலையங்கள் 9 கிலோஹெர்ட்ஸ் இடைவெளியில் இருக்கும், இங்கே 10. எண் காட்டும் டிஜிட்டல் ரேடியோ என்றால் 675-இல் நிற்கும், அடுத்து 684-க்குத் தாவும், 680 நடுவில் தப்பிவிடும். சிலவற்றில் இதை மாற்றும் வசதி இருக்கும். முள் நகரும் பழைய ரேடியோ என்றால் கவலையே இல்லை, மெதுவாகத் திருப்பினால் பிடித்துவிடும். என் மாமனார் வந்தபோது அப்படி ஒன்றைச் சமையலறை ஜன்னலில், கறிவேப்பிலைத் தொட்டிக்குப் பக்கத்தில் வைத்தார். நான் மிக்ஸியைப் போட்டால் வர்ணனை முழுக்கக் கரகரவென்று போய்விடும். "ரெண்டு அவுட், மூணு பேஸ்லயும் ஆள் நிக்கான், இப்பப் போய் சட்னி அரைக்கியே" என்பார். போன் சார்ஜரும் சில எல்.இ.டி. விளக்குகளும் இதே வேலையைச் செய்யும். ஏ.எம். இரைந்தால் முதலில் அவற்றைத் தள்ளி வையுங்கள். நீங்கள் காரில் கேட்பதானால் 104.5. பல மின்சாரக் கார்களில் ஏ.எம்.மே கிடையாது. ஆனால் 680 ஐம்பதாயிரம் வாட் நிலையம், இரவில் வெகுதூரம் போகும். டாஹோவிலிருந்து இருட்டில் திரும்பும்போது எஃப்.எம். செத்த பிறகும் அது பேசிக்கொண்டிருக்கும்.

கேட்கத் தொடங்கும்போது அப்பாவுக்குப் புரியாமல் போவது கவுன்ட்தான். "டூ அண்ட் ஒன்" என்றால் இரண்டு பால், ஒரு ஸ்ட்ரைக். எட்டாமல் விலகிப் போய் மட்டைக்காரர் விட்ட பந்து "பால்"; வீசித் தவறவிட்டதோ, சரியாக வந்தும் விட்டதோ "ஸ்ட்ரைக்". பால் எண்ணிக்கை எப்போதும் முதலில் வரும். நாலு பால் ஆனால் மட்டைக்காரர் சும்மாவே முதல் பேஸுக்கு நடப்பார், மூன்று ஸ்ட்ரைக் ஆனால் அவுட். "ஃபுல் கவுன்ட்" என்றால் மூன்றுக்கு இரண்டு, அடுத்த பந்தில் ஏதாவது நடந்தே தீரும் என்று தோன்றும். ஆனால் இரண்டு ஸ்ட்ரைக்குக்குப் பிறகு கோட்டுக்கு வெளியே தட்டிவிட்டால் கணக்கில் சேராது, அப்படியே ஏழெட்டுப் பந்து தட்டிக்கொண்டு நிற்பார்கள். கிரிக்கெட்டில் டொக்கு வைத்துக் கடைசி ஓவரைக் கடத்தியதைக் கேட்டவருக்கு இதை நாம் விளக்கவே வேண்டாம்.

நேரமும் அப்பாவுக்குத் தோதுதான். உள்ளூர் இரவு ஆட்டம் ஏழு மணிக்குக் கொஞ்சம் முன்னால் தொடங்கும். அணி கிழக்குக் கரைக்குப் போனால் நமக்கு மாலை நாலு மணிக்கே ஆரம்பித்துவிடும். நீங்கள் 880 நெடுஞ்சாலை நெரிசலில் நிற்கும்போது அவர் வீட்டில் கேட்டுக்கொண்டிருப்பார், நீங்கள் உள்ளே நுழையும்போது அவரே ஸ்கோர் சொல்வார். 2023-இல் பந்து வீசுவதற்குக் கடிகாரம் வைத்த பிறகு ஆட்டம் பெரும்பாலும் இரண்டே முக்கால் மணி நேரத்துக்குள் முடிந்துவிடுகிறது. சாப்பாடும் தாமதமாகாது.

போனில் கேட்க வேண்டுமென்றால் எம்.எல்.பி. செயலியில் ஒலிக்கு மட்டும் தனிச் சந்தா உண்டு. படத்துக்கு இருக்கும் உள்ளூர் மறைப்பு இதற்குக் கிடையாது, இரண்டு அணிகளின் வர்ணனையையும் கேட்கலாம். ஆனால் இணையத்தில் வருவது சற்றுப் பிந்தித்தான் வரும். பக்கத்து வீட்டுக்காரர் ரேடியோவில் கேட்டுக் கூவிய பிறகு உங்கள் போனில் பந்து வீசுவார்கள். அதனால் கையில் ரேடியோவே மேல்.

ஒரு சனிக்கிழமை அப்பாவை மைதானத்துக்கும் அழைத்துப் போங்கள். பார்ட் ரயிலில் எம்பார்க்கடேரோ நிலையம், அங்கிருந்து முனி டிராமில் N ஜூடா வண்டி ஓரகிள் பார்க் வாசலிலேயே இறக்கிவிடும். டிக்கெட் விலை பார்த்து அவர் முகம் சுளித்தால், வலதுபக்கச் சுவருக்குப் பின்னால் தண்ணீரை ஒட்டிய நடைபாதைக்குக் கூட்டிப் போங்கள். அங்கே கம்பி வலை போட்ட வளைவுகள் வழியாக மூன்று இன்னிங்ஸ் வரை இலவசமாகப் பார்க்கலாம். ரேடியோவைப் பையில் போட்டுக்கொள்ளுங்கள். எதிரே தண்ணீரில் படகில் இருப்பவர்களில் சிலர் ஹோம் ரன் பந்து வந்து விழுமென்று அதைத்தான் கேட்டுக்கொண்டிருப்பார்கள்.

அப்பா செப்டம்பரில் திரும்புகிறார் என்றீர்கள். பருவம் முடிய அப்போதும் சில வாரம் இருக்கும். அந்த நேரத்தில் எம்.எல்.பி. டிவி வாங்கித் தாருங்கள். இந்தியாவில் இந்த உள்ளூர் மறைப்பு கிடையாது. இங்கே மாலை ஆறே முக்கால் என்றால் கோவில்பட்டியில் மறுநாள் காலை ஏழேகால். ஃப்ரீமான்ட்டில் உங்களுக்கு மறைத்த ஆட்டத்தை அவர் அங்கே காபியோடு உட்கார்ந்து நேரலையில் பார்த்துவிட்டு, உங்களுக்கு போன் போட்டுச் சொல்லுவார்.