மகளின் இன்ஸ்டாகிராம் கணக்கை அழித்துவிட்டேன், இனி புகார் கொடுக்க முடியுமா?

கேள்வி: என் மகளுக்கு 16 வயது, பிளஸ் ஒன் படிக்கிறாள். இரண்டு மாதமாகவே அவளுடைய நிறத்தைக் கிண்டல் செய்து, அவள் வகுப்புப் பிள்ளைகள் நடத்தும் இன்ஸ்டாகிராம் கன்ஃபெஷன் பக்கத்தில் (பெயர் போடாமல் யாரைப் பற்றியும் எழுதும் பக்கமாம்) எழுதிக்கொண்டிருந்தார்களாம். எங்களிடம் அவள் மூச்சு விடவில்லை. போன வாரம் அவள் பெயரிலேயே ஒரு போலிக் கணக்கு தொடங்கி, அவள் முகத்தை ஓர் ஆபாசப் படத்தில் ஒட்டிப் போட்டிருக்கிறார்கள், அதை அவளுக்கே மெசேஜிலும் அனுப்பியிருக்கிறார்கள். இன்னொரு பிள்ளையின் அம்மா வாட்ஸ்அப்பில் அனுப்பித்தான் எனக்குத் தெரியும். பதற்றத்தில் மகளின் கணக்கை அழித்துவிட்டேன், போனையும் வாங்கி வைத்துவிட்டேன். அவள் பள்ளிக்குப் போய் எட்டு நாள் ஆகிறது. தலைமை ஆசிரியர், "வெளியில் நடந்ததற்குப் பள்ளி பொறுப்பில்லை, வேண்டுமானால் டி.சி. வாங்கிக்கொள்ளுங்கள்" என்கிறார். எங்களுக்கு ஒரு பையன் மேல் சந்தேகம். அவனை இரண்டு தட்டு தட்டிவிட்டு வருகிறேன் என்று என் கணவர் நிற்கிறார். போலீஸுக்குப் போனால் பெண் பெயர் கெட்டுவிடும் என்கிறார்கள் சொந்தக்காரர்கள். என்ன செய்யட்டும்?

ஒரு தாய், திண்டுக்கல் மாவட்டம்

பதில்: அம்மா, மற்றதெல்லாம் அப்புறம். முதலில் மகளை உட்கார வைத்து, அவள் பழைய பாஸ்வேர்டைப் போட்டு அந்தக் கணக்குக்குள் போக முடிகிறதா என்று பாருங்கள். இன்ஸ்டாகிராமில் கணக்கை அழிக்கச் சொன்னால் உடனே அழிந்துவிடாது, 30 நாள் தூங்கிக்கொண்டிருக்கும், அதற்குள் உள்ளே நுழைந்தால் மீட்டுக்கொள்ளலாம். நீங்கள் அழித்து ஒரு வாரம்தான் ஆகிறது, பிழைத்தோம். ஏன் அவசரம் என்கிறேன் என்றால், அந்தப் போலிக் கணக்கிலிருந்து வந்த மெசேஜ் உங்கள் மகளின் இன்பாக்ஸில்தான் இருக்கிறது. போலிக் கணக்கு நடத்துகிறவன் மாட்டிக்கொள்வோம் என்று தெரிந்ததும் முதலில் செய்கிற வேலை பெயரை மாற்றுவது. அவன் எத்தனை பெயர் மாற்றினாலும் அந்த மெசேஜ் இழையில் புதுப் பெயர் தானாக வந்து நிற்கும். நீங்கள் அழித்தது அவனுடைய குற்றத்தை அல்ல, உங்கள் சாட்சியை. திட்டுவதற்காகச் சொல்லவில்லை, என்னிடம் வரும் பெற்றோரில் பெரும்பாலோர் செய்துவிட்டு வருகிற காரியம்தான் இது.

உள்ளே போனதும் எடுக்க வேண்டியது வெறும் ஸ்கிரீன்ஷாட் மட்டும் இல்லை. போலிக் கணக்கின் லிங்க், ஒவ்வொரு பதிவின் லிங்க் (பெயர் மாறினால் கணக்கின் லிங்க் செத்துவிடும், பதிவின் லிங்க் பெரும்பாலும் நிற்கும்), கன்ஃபெஷன் பக்கத்தின் லிங்க், கீழே கமெண்ட் போட்டவர்களின் யூசர்நேம், எந்தத் தேதி எத்தனை மணிக்குப் பார்த்தீர்கள் என்பது. இதையெல்லாம் ஒரு நோட்டில் கையால் எழுதுங்கள். பார்த்தவுடன் மறைகிற மாதிரி அனுப்பியிருந்தால் இன்னொரு போனால் வீடியோ எடுங்கள். எந்தப் போனில் எடுத்தீர்களோ அதை ரீசெட் செய்யவோ விற்கவோ கூடாது. சாட்சியச் சட்டம் மாறி 2024 ஜூலை 1 முதல் பாரதிய சாக்ஷிய அதினியம் வந்துவிட்டது, அதன் 63-வது பிரிவு மின்னணுச் சாட்சியத்துக்குச் சான்றிதழ் கேட்கிறது, கையில் அசல் கருவி இருந்தால் அந்த வேலை பாதி முடிந்த மாதிரி.

இங்கே ஓர் எச்சரிக்கை. அந்தப் படத்தை உறவுக்காரர்களுக்கோ, "இதைப் பாருங்க சார்" என்று எனக்கோ அனுப்பிவிடாதீர்கள். உங்கள் மகளுக்கு 18 ஆகவில்லை. ஒட்டுப் படமாக இருந்தாலும், ஏ.ஐ. வரைந்ததாக இருந்தாலும், ஒரு குழந்தையைக் காட்டுவது போலத் தெரிந்தால் அது குழந்தை ஆபாசப் படம்தான் என்று 2019-ல் போக்சோ சட்டத்தை, அதாவது குழந்தைகளைப் பாலியல் குற்றங்களிலிருந்து காக்கும் சட்டத்தைத் திருத்தி எழுதிவிட்டார்கள். அதைப் புகாருக்காக வைத்திருந்து போலீஸிடம் காட்டுவது தவறில்லை, மற்றபடி வைத்திருப்பதும் அனுப்புவதும் 15-வது பிரிவில் குற்றம். போனில் வைத்துத் தனியாகப் பார்த்தால் குற்றமில்லை என்று நம்ம சென்னை உயர் நீதிமன்றம் 2024 ஜனவரியில் ஒரு வழக்கில் சொன்னதை, அதே ஆண்டு செப்டம்பரில் உச்ச நீதிமன்றம் ரத்து செய்துவிட்டது. உங்களுக்கு அனுப்பிய அந்த அம்மாவிடமும் பக்குவமாகச் சொல்லிவிடுங்கள். அவர் நல்ல எண்ணத்தில்தான் அனுப்பியிருப்பார், ஆனால் வேறு யாருக்கெல்லாம் அனுப்பினார், அவருக்கு யார் அனுப்பினார்கள் என்பது போலீஸுக்குத் தேவைப்படும்.

சரி, சட்டம் என்ன சொல்கிறது? "சைபர் புல்லியிங்" என்று பெயர் வைத்து நம் நாட்டில் தனியாக ஒரு பிரிவு கிடையாது. பலரும் என்னிடம், இணையத்தில் புண்படுத்தி எழுதுவதைக் குற்றமாக்கிய தகவல் தொழில்நுட்பச் சட்டத்தின் 66-ஏ பிரிவைப் போட முடியாதா என்று கேட்கிறார்கள். அது 2015 மார்ச் 24-ம் தேதியே ஷ்ரேயா சிங்கால் வழக்கில் உச்ச நீதிமன்றம் ரத்து செய்து செத்துப் போன பிரிவு. அதனால் நடந்ததைத் துண்டு துண்டாகப் பிரித்துப் பார்க்க வேண்டியிருக்கிறது. அவள் நிறத்தைச் சொல்லி இரண்டு மாதம் எழுதினார்களே, அவளை அதிகம் உடைத்தது அதுதான் என்று நினைக்கிறேன், ஆனால் சட்டத்தின் கை அங்கேதான் குட்டை. வெறும் "கறுப்பி" என்று எழுதியதற்கு எஃப்.ஐ.ஆர். போடச் சொன்னால் எந்த ஆய்வாளரும் யோசிப்பார். திரும்பத் திரும்ப மெசேஜ் அனுப்பித் துரத்தியிருந்தால், பழைய ஐ.பி.சி.க்குப் பதிலாக வந்த பி.என்.எஸ். சட்டத்தின் 78, மிரட்டியிருந்தால் 351, அதைப் பெயரை மறைத்துக்கொண்டு செய்திருந்தால் தண்டனை கூடும். சாதியைச் சொல்லி எழுதியிருந்தால் கதையே வேறு, பட்டியல் சாதி, பழங்குடியினர் மீதான 1989-ம் ஆண்டு வன்கொடுமைச் சட்டம் வரும், டி.எஸ்.பி. விசாரிக்க வேண்டும். உங்கள் கடிதத்தில் அப்படி எதுவும் இல்லை, ஆனாலும் அந்தக் கமெண்டுகளை ஒருமுறை அந்தக் கண்ணோடு படித்துப் பாருங்கள்.

போலிக் கணக்கும் படமும் அப்படி இல்லை, அங்கே சட்டத்துக்குப் பல் இருக்கிறது. அவள் பெயரையும் படத்தையும் திருடி அவளாக நடித்ததற்குத் தகவல் தொழில்நுட்பச் சட்டம் 66-சி, 66-டி. குழந்தையை ஆபாசமாகக் காட்டிப் பரப்பியதற்கு 67-பி, முதல் தடவைக்கே 5 ஆண்டு வரை சிறை, 10 லட்சம் வரை அபராதம். இதற்கு மேல் போக்சோ 11, 13-வது பிரிவுகள். புகாரில் இந்த எண்களையெல்லாம் நீங்கள் எழுத வேண்டியதே இல்லை, அது அவர்கள் வேலை. என்ன நடந்தது, எப்போது, மகளின் பிறந்த தேதி, லிங்க், இவை போதும். அந்தப் பையன் பெயரை "இவன்தான் செய்தான்" என்று எழுதாதீர்கள். இன்ன காரணத்தால் இவன் மேல் சந்தேகம் என்று எழுதுங்கள். 2004-ல் சென்னை எழும்பூர் நீதிமன்றம், யாஹூ குழு ஒன்றில் ஒரு பெண்ணைப் பற்றி ஆபாசமாக எழுதியவனுக்குத் தண்டனை கொடுத்தது. இணைய ஆபாசத்துக்கு இந்தியாவில் கிடைத்த முதல் தண்டனை என்று அதைத்தான் சட்டக் கல்லூரிகளில் இன்றைக்கும் சொல்லித் தருகிறார்கள். அவன் யாரோ வெளியாள் இல்லை, அவளைக் கல்யாணம் செய்ய விரும்பி, அவள் மறுத்ததால் கடுப்பில் இருந்த ஒரு தெரிந்தவன். ஆகவே உங்கள் சந்தேகம் சரியாகவும் இருக்கலாம். ஆனால் பையனுக்குப் பதிலாக நெருங்கிய தோழி மாட்டிய வழக்கும் நான் நடத்தியிருக்கிறேன். எந்த இணைய இணைப்பிலிருந்து போட்டார்கள் என்று காட்டும் ஐ.பி. முகவரி வரட்டும்.

எங்கே கொடுப்பது? மாவட்ட சைபர் கிரைம் காவல் நிலையத்திலும் கொடுக்கலாம், அனைத்து மகளிர் காவல் நிலையத்திலும் கொடுக்கலாம், மத்திய அரசின் சைபர் கிரைம் இணையதளத்தில் பெண்கள், குழந்தைகளுக்கென்று இருக்கும் தனிப் பகுதியிலும் பதியலாம். சைபர் குற்ற உதவி எண்ணான 1930-ஐப் பெரும்பாலும் பண மோசடிக்காகவே நடத்துகிறார்கள், அங்கே மணிக்கணக்கில் காத்திருக்காதீர்கள். நிலையத்தில் எஃப்.ஐ.ஆர். போடாமல், புகாரை வாங்கிக்கொண்டதற்கான சி.எஸ்.ஆர். ரசீதை மட்டும் கையில் கொடுத்து "கூப்பிடுறோம்மா" என்று அனுப்பப் பார்ப்பார்கள், நம் ஊர் வழக்கம் அது. தகவல் தொழில்நுட்பச் சட்டத்தில் ஆய்வாளர் அந்தஸ்தில் இருப்பவர்தான் விசாரிக்க முடியும் என்பது உண்மை, அதைக் காரணம் காட்டிப் பதியாமல் இருக்க முடியாது என்பதும் உண்மை. பதிய மறுத்தால் எஸ்.பி.க்குப் பதிவுத் தபாலில் அனுப்புங்கள், அதற்கும் அசையவில்லை என்றால் நீதிமன்றம் இருக்கிறது. நாள் கடத்தாதீர்கள். நிறுவனங்கள் நீக்கிய பதிவின் விவரங்களை 180 நாள் வைத்திருக்க வேண்டும் என்பதுதான் விதி, அதற்குப் பிறகு போலீஸ் கேட்டால் கையில் எதுவும் இல்லை என்று சொல்லிவிடலாம்.

லிங்க்குகளை எடுத்து வைத்து, புகாரும் கொடுத்தபின் இன்ஸ்டாகிராமின் குறைதீர்ப்பு அதிகாரிக்கு எழுதுங்கள். ஆபாசப் படம், ஒட்டுப் படம், ஆள்மாறாட்டம் என்று பாதிக்கப்பட்டவர் தரப்பிலிருந்து புகார் வந்தால் 2 மணி நேரத்துக்கு மேல் அதை விட்டுவைக்கக் கூடாது என்பது விதி, 2021 விதிகளில் 24 மணி நேரமாக இருந்ததை 2026 பிப்ரவரியில் குறைத்துவிட்டார்கள். 18 வயதுக்குக் கீழே உள்ளவர்களுக்கு டேக் இட் டவுன் என்ற இலவசச் சேவையும் இருக்கிறது, படத்தை எங்கும் ஏற்றாமல் அதன் எண் அடையாளத்தை மட்டும் எடுத்து, சேர்ந்திருக்கும் தளங்களில் மறுபடி ஏறாமல் தடுக்கப் பார்க்கும். 2025 ஜூலையில் ஒரு பெண் வழக்கறிஞரின் அந்தரங்கப் படங்கள் தளம் தளமாகப் பரவியபோது, 48 மணி நேரத்தில் எல்லாவற்றையும் எடுக்க வேண்டும் என்று மத்திய அரசுக்கே உத்தரவு போட்டது சென்னை உயர் நீதிமன்றம். வக்கீலுக்கே இந்த நிலைமை.

பெயர் கெட்டுவிடும் என்கிறார்களே, அவர்களிடம் இதைச் சொல்லுங்கள். போக்சோவில் குழந்தையின் பெயர், ஊர், பள்ளி எதையும் பத்திரிகையில் போடக் கூடாது, போட்டால் போட்டவருக்குச் சிறை. வாக்குமூலத்தை உங்கள் வீட்டிலேயே, கூடுமானவரை ஒரு பெண் எஸ்.ஐ., சீருடை இல்லாமல் வந்து எழுத வேண்டும். விசாரணை மூடிய அறையில். சொல்லப்போனால் இப்போது அவள் பெயர் கெடுக்கப்பட்டுக்கொண்டிருப்பது அந்தப் போலிக் கணக்கில்தான், காவல் நிலையத்தில் இல்லை. 2023-ல் நாடு முழுக்கப் பதிவான சைபர் குற்ற வழக்குகள் 86,420, அதில் பெரும்பகுதி பண மோசடி. பணம் போனால் ஓடுகிறோம், பிள்ளை கூனிக் குறுகினால் மட்டும் "வெளியே தெரிய வேண்டாம்" என்கிறோம்.

உங்கள் கணவரிடம் தனியாகவே ஒரு வார்த்தை. அவனும் பதினாறு, பதினேழு வயதுப் பையன். கை வைத்தால் நாளைக் காலையில் எதிர்ப்புகார் வரும், அப்புறம் இரண்டு தரப்பையும் உட்கார வைத்து "சமாதானமாப் போங்க" என்பார்கள், உங்கள் மகளின் வழக்கு அங்கேயே கரைந்துவிடும். அவன் படத்தை ஸ்டேட்டஸில் போட்டு அசிங்கப்படுத்துவதும் இளைஞர் நீதிச் சட்டம் 74-வது பிரிவில் குற்றம். இன்னொன்றையும் இப்போதே சொல்லிவிடுகிறேன், அவன்தான் என்று நிரூபணமானாலும் சிறைக்குப் போக மாட்டான். இளைஞர் நீதிக் குழுமம் ஆலோசனை, சமூகப் பணி, பெற்றோருக்கு அபராதம், அதிகபட்சம் மூன்று ஆண்டு சிறப்பு இல்லம் என்று ஏதாவது உத்தரவிடும். அது உங்களுக்குக் குறைவாகத் தோன்றலாம். எனக்குச் சரியாகத்தான் படுகிறது. ஆனால் 18 தாண்டிய அண்ணன் யாராவது அந்தக் கணக்கை நடத்தியிருந்தால் அவனுக்கு இந்தச் சலுகை கிடையாது.

இப்போது மகள். போனை இன்றைக்கே திருப்பிக் கொடுங்கள். அவள் இரண்டு மாதம் உங்களிடம் சொல்லாததற்குக் காரணம் அந்தப் போன்தான், சொன்னால் பிடுங்குவீர்கள் என்று தெரியும், நீங்களும் பிடுங்கினீர்கள். 30 நாடுகளில் இளையவர்களிடம் யுனிசெஃப் 2019-ல் கேட்டபோது, இணையத்தில் இப்படி அடிபட்டதாக மூன்றில் ஒருவர் சொன்னார், அதனால் பள்ளிக்கு மட்டம் போட்டதாக ஐந்தில் ஒருவர் சொன்னார். 2016-ல் சேலம் மாவட்டத்தில் ஓர் இளம்பெண்ணின் முகத்தை இப்படித்தான் ஒட்டி ஃபேஸ்புக்கில் போட்டார்கள். குடும்பம் புகார் கொடுத்தது, போலீஸ் இழுத்தடித்தது, சில நாளில் அந்தப் பெண் உயிரை விட்டாள். அவள் எழுதிவைத்த கடிதத்தில், பெற்றவர்களே தன்னை நம்பவில்லையே என்பதுதான் வேதனையாக இருந்தது. பயமுறுத்தச் சொல்லவில்லை அம்மா. "நீ ஏன் போட்டோ போட்டே" என்ற கேள்வியை வீட்டில் யாரும் கேட்க வேண்டாம், அவ்வளவுதான். சாப்பாடு, தூக்கம் கெட்டிருந்தால் 14416-க்கு அழையுங்கள், அது அரசின் மனநல உதவி எண், டெலி மானஸ் என்று பெயர், தமிழிலேயே பேசலாம். அவளே தனியாகப் பேச விரும்பினால் குழந்தைகள் உதவி எண் 1098.

பள்ளிக்கு வருவோம். ஆபாசப் படம் பற்றித் தலைமை ஆசிரியரிடம் சொன்னீர்கள் அல்லவா? அந்த நிமிடமே அவருக்கு போக்சோ 19-வது பிரிவின்படி போலீஸுக்குத் தெரிவிக்கும் கடமை வந்துவிட்டது. வெளியில் நடந்ததா உள்ளே நடந்ததா என்ற பேச்சே அங்கே இல்லை, தெரிவிக்காவிட்டால் 21-வது பிரிவில் அவர் மேலேயே வழக்கு. டி.சி.யை வாங்காதீர்கள். நடந்ததையும், எந்தத் தேதியில் அவரிடம் சொன்னீர்கள் என்பதையும், டி.சி. வாங்கிக்கொள்ளச் சொன்னதையும் ஒரு பக்கத்தில் எழுதி, இரண்டு பிரதி எடுத்து, ஒன்றை அலுவலகத்தில் கொடுத்துவிட்டு இன்னொன்றில் பள்ளி முத்திரையும் தேதியும் வாங்குங்கள். முத்திரை போட மறுத்தால் பதிவுத் தபால். அந்தக் காகிதத்தைக் கையில் வைத்துக்கொண்டு மறுபடி அவர் அறைக்குப் போங்கள், டி.சி. பேச்சு வருகிறதா பார்ப்போம்.